கருநீலம் இன்னும் வரவில்லை

ஊசி என்ற பெயரைத் தங்கைக்கு வைத்தது அக்காதான். சின்ன வயதில் ஆள் அப்படி ஒல்லி. வாயும் அப்படித்தான், சுருக்கென்று குத்தும். பிறகு அவள் தையல் இயந்திரத்தின் முன் உட்கார்ந்து நாலு பேர் தேடி வரும்படி வேலை செய்ய ஆரம்பித்ததும், "நான் வெச்ச பேரு பொய்யாப் போகுமா?" என்று அக்கா தன் வேலையிடத்தில் ஒருவர் விடாமல் சொல்லிக்கொண்டாள்.

அக்காவின் வேலையிடம் ஒரு பெரிய மருத்துவமனையின் சலவைக்கூடம். கொதிகலன் அறையை ஒட்டி, எந்நேரமும் ஆவியும் சோப்பு வாசமுமாக இருக்கும் நீளக் கட்டடம். எட்டாம் வகுப்போடு படிப்பை நிறுத்திவிட்டு அங்கே சேர்ந்தவள், அழுக்குத் துணி சுமப்பதில் தொடங்கி, இஸ்திரி மேசைக்கு ஏறி, கடைசியில் வழங்கும் ஜன்னலுக்கு வந்து சேர்ந்திருந்தாள். வார்டுகளுக்கு விரிப்பும் தலையணை உறையும் போவது அந்த ஜன்னல் வழியாகத்தான். அவள் மடித்த விரிப்பின் ஓரம் நூல் பிடித்தாற்போல் நிற்கும். இஸ்திரி அக்கா என்றால் அங்கே தெரியாதவர்கள் இல்லை.

ஜன்னலுக்கு எதிரே ஓடும் நடைபாதையின் கோடியில் புற்றுநோய்ப் பிரிவு. அந்த வழியே போகிறவர்களைப் பார்த்து மனதுக்குள் 'ஐயோ பாவம்' என்று சொல்லிக்கொண்டிருந்த அக்கா, ஒருநாள் தானே கையில் சீட்டோடு அதே வழியில் நடந்தாள். இடது மார்பை எடுத்துவிட்டார்கள்.

உயிர் பிழைத்ததே பெரிது என்று எல்லோரும் சொன்னார்கள். அக்காவும் அதையேதான் சொன்னாள். ஆனால் வேலைக்குத் திரும்பியபோது உள்ளாடைக்குள் ஒரு கைக்குட்டையை மடித்து வைத்துக்கொண்டாள். குனிந்தால் அது நழுவும். ஒரு பக்கம் எடையில்லாமல் தோள் கோணிக்கொண்டது. ஊசி இதைப் பார்த்தாள். நாலு நாள் கழித்து ஒரு சிறிய துணிப்பையைத் தைத்துக் கொண்டுவந்து கையில் கொடுத்தாள்.

முதலில் தைத்தது செங்கல் மாதிரி இருந்தது. அடுத்தது லேசாகப் போய், அக்கா கையைத் தூக்கும்போதெல்லாம் மேலே ஏறிவிட்டது.

"ஏய், நீ தெச்ச இந்தப் பொண்ணு கழுத்து வரைக்கும் ஏறி வந்து என்கூடப் பேசுதுடி" என்றாள் அக்கா.

"நல்லதாப் பேசுதா?"

"உன்னை மாதிரியே பேசுது."

ஊசி விடவில்லை. செயற்கைப் பஞ்சுக்கு நடுவே எடைக்காகச் சின்னக் கண்ணாடி மணிகளை வைத்தாள். தழும்பு படும் பக்கத்துக்குப் பழைய பருத்தித் துணியைத் தேடிப் பிடித்தாள். புதுத் துணி உரசும் என்பது அவள் கட்சி. தையல் மடிப்பு உடம்பின் பக்கம் வராமல் வெளிப்பக்கமாகத் திருப்பினாள். தழும்பு எங்கே தொடங்கி எங்கே வளைகிறது என்று பார்க்க, அடுக்களையின் நீலச் சுவரில் அக்காவை நிற்க வைத்து, கழுத்துக்குக் கீழே போனில் படம் எடுத்துக்கொண்டாள். அடுத்து அவள் தைத்ததைப் போட்டுக்கொண்டு அக்கா ஒரு நாள் முழுக்க விரிப்பு தூக்கினாள். சாயங்காலம் வீட்டுக்கு வந்த பிறகுதான், உள்ளே ஒன்று இருப்பதே தனக்கு மறந்துபோயிருந்தது என்பது அவளுக்கு உறைத்தது.

அப்படி ஆரம்பித்ததுதான் எல்லாம். ஒரு நர்ஸம்மா கேட்டாள். அவள் இன்னொருத்திக்குச் சொன்னாள். ஊசி சமூக ஊடகத்தில் ஒரு பக்கம் திறந்தாள். அதில் அவள் பெயர் இல்லை, முகம் இல்லை, துணி மட்டும்தான். கேட்டு வருகிறவர்களிலும் பாதிப் பேர் வீட்டுக்கே சொல்லாதவர்கள். அதனால் ஊசி ஒரு முறை வைத்துக்கொண்டாள். பெயர் கேட்பதில்லை. போன் நம்பர் கேட்பதில்லை. கழுத்துக்குக் கீழே ஒரு படம், நாலு இடத்து அளவு, பிறகு ஒரே ஒரு கேள்வி: 'உங்களுக்குப் பிடித்த நிறம் எது?'

அந்த நிறத்தில் ஒரு பொத்தானைப் பார்சல் பையின் வாயில் தைத்து அக்காவிடம் கொடுப்பாள். மருத்துவமனைக்கு மறுபரிசோதனைக்கு வரும் பெண் அக்காவின் ஜன்னலில் நின்று "ஊதா" என்பாள். அக்கா எடுத்துக் கொடுப்பாள். பார்க்கிறவர்களுக்கு ஏதோ தலையணை உறை வாங்குவதுபோல் இருக்கும். ஒரு நிறம் ஒருத்திக்குத்தான். ஆள் கூடக் கூட நிறத்துக்குப் பஞ்சம் வந்துவிட்டது. கிளிப்பச்சைக்கும் இலைப்பச்சைக்கும் பாசிப்பச்சைக்கும் வித்தியாசம் தெரியாமல் அக்கா ஒருநாள் பார்சலை மாற்றிக் கொடுத்து, ஊசியிடம் வாங்கிக் கட்டிக்கொண்டாள்.

சகோதரிகளுக்குள் அந்தப் பெண்களுக்கு நிறம்தான் பெயர். ஊதா ஒரு பள்ளிக்கூட டீச்சர். மஞ்சள் பஸ் கண்டக்டர். கருநீலம் யார் என்று இருவருக்குமே தெரியாது. வாயும் மூக்கும் மூடிய முகக்கவசத்தோடு ஒரே ஒரு தடவை ஜன்னலுக்கு வந்து, காதில் விழாத குரலில் நிறத்தைச் சொல்லிவிட்டுப் போனாள். ஆனால் ஊசிக்கு நிறைய எழுதுவாள். கூட இருக்கும் நாத்தனாருக்குக்கூடத் தெரியாமல் குளியலறையில் உட்கார்ந்து எழுதுவதாகச் சொல்வாள். 'உங்களை மட்டும்தான் நம்புகிறேன்' என்று முடிப்பாள்.

"இது என் ரெண்டு கண்ணுக்கு மட்டும்" என்று ஒவ்வொருத்திக்கும் ஊசி எழுதியிருந்தாள். படங்களை மட்டும் அழிக்கவில்லை. வருஷம் போகப் போகத் தழும்பு இறுகும், உடம்பு மாறும். பழைய படத்தைப் பக்கத்தில் வைத்துப் பார்த்தால்தான் அடுத்ததை ஒழுங்காகத் தைக்க முடியும் என்பாள். எல்லாம் பக்கத்தின் செய்திப்பெட்டியிலேயே இருந்தன. முதலில் இருந்தது நீலச் சுவருக்கு முன் நின்ற அக்காவின் படம். வரப்போகிறவர்களுக்கு எப்படி எடுப்பது என்று காட்ட, அக்காவே சம்மதித்து அனுப்பியது.

டீச்சர்தான் பெரிய மனசு பண்ணி, தான் போட்டுக்கொண்டு நிற்கும் படத்தைப் பக்கத்தில் போட அனுமதி கொடுத்தாள். நாலு பேருக்கு உபயோகமாக இருக்கட்டும் என்றாள். ஒரே ஒரு சங்கடம். கழுத்தெலும்புக்குக் கீழே அவளுக்கு ஒரு மச்சம். தெரிந்தவர்கள் பார்த்தால் பிடித்துவிடுவார்கள்.

ஊசி இரண்டு நாள் அந்த மச்சத்தோடு மல்லுக்கட்டினாள். எதை வைத்து அழித்தாலும் அந்த இடம் திட்டாகத் தெரிந்தது. அப்போதுதான் ஒரு விளம்பரம் அவள் கண்ணில் பட்டது. மச்சம், வடு, முகம் எதையும் அடையாளம் தெரியாமல் மறைத்துத் தரும் ஆப். இலவசம். தரவிறக்கியபோது போனே 'இது தெரியாத இடத்திலிருந்து வருகிறது, ஆபத்தாக இருக்கலாம்' என்றது. ஊசி 'பரவாயில்லை' என்பதை அமுக்கினாள். பக்கத்தோடு இணைக்க வேண்டும் என்று பாஸ்வேர்டு கேட்டது. அந்தத் திரை வழக்கமாக வரும் திரை மாதிரியே இருந்தது. கொடுத்தாள்.

"அக்கா, இங்க வாயேன். மச்சம் எங்க இருக்கு சொல்லு?"

அக்கா கண்ணாடியை மூக்கில் ஏற்றிக்கொண்டு பார்த்தாள். "எந்த மச்சம்?"

"அதான்! உனக்கே தெரியலல்ல!"

"தெரியலைதான். ஆனா என்னென்னமோ கேட்டுக்கிட்டே இருந்துச்சே அது?"

"திரையைப் பாக்க அனுமதி, செய்தியைப் படிக்க அனுமதின்னு கேட்டுச்சு. வீடு வாடகைக்கு விடறவர் மாதிரி, ஒண்ணு முடிஞ்சா இன்னொண்ணு. எல்லாத்துக்கும் சரின்னுட்டேன். வேலை ஆகணும்ல?"

அக்காவுக்குப் பெருமை தாங்கவில்லை. ஒரு பெண்ணின் மச்சத்துக்காக இவ்வளவு மெனக்கெடுகிற தையல்காரி எந்த ஊரில் இருக்கிறாள்? மறுநாள் சலவைக்கூடத்தில் கேட்டவர்களுக்கும் கேட்காதவர்களுக்கும் சொன்னாள்.

அடுத்த வாரம் மஞ்சள் ஜன்னலுக்கு வந்தாள். சீருடையோடு, தோளில் பையோடு, டிப்போவுக்குப் போகிற அவசரத்தில்.

"பார்சல் எதுவும் இல்லையேம்மா உங்களுக்கு" என்றாள் அக்கா.

"பார்சலுக்கு வரல. ஒண்ணு கேக்கணும். உங்க தங்கச்சி எதுக்கு இப்ப மூஞ்சியோட போட்டோ கேக்குது?"

"என்னது?"

"புதுசா ஏதோ அளவு முறையாம். முழுசா, முகம் தெரியற மாதிரி நின்னு அனுப்பணுமாம். 'அன்புடன்'னு வேற போட்டிருக்கு. உங்க தங்கச்சி எப்பவும் 'சரிங்க'ன்னுதானே முடிக்கும்? அன்பெல்லாம் எப்பலேருந்து?"

அக்கா கையிலிருந்த விரிப்பை மேசையில் போட்டாள். போனை எடுத்தாள். மறுமுனையில் ஊசியின் குரல் எரிச்சலாக வந்தது. "நானா? நான் யாரையும் எதுவும் கேக்கலக்கா. பக்கத்துக்குள்ளயே போக முடியல. காலையிலேருந்து பாஸ்வேர்டு தப்பு, தப்புன்னே சொல்லுது."

அக்கா அரை நாள் விடுப்புச் சொல்லிவிட்டு வீட்டுக்கு ஓடினாள். ஊசி தையல் மேசையில் போனை வைத்துக்கொண்டு, வெட்டிப்போட்ட துணிகளுக்கு நடுவே உட்கார்ந்திருந்தாள். பாஸ்வேர்டை மாற்றினாள். போனுக்கு ரகசிய எண் வந்தது. அதைப் போட்டதும் பக்கம் திறந்தது. "வந்துடுச்சு, வந்துடுச்சு" என்று ஊசி பரபரவென்று எச்சரிக்கை எழுத ஆரம்பித்தாள். 'யாரும் படம் அனுப்ப' என்பதோடு திரை வெளுத்தது. வெளியே தள்ளிவிட்டது. மறுபடி மாற்றினாள். இந்தத் தடவை ரகசிய எண் வந்த செய்தி, அவள் படிக்கும் முன்பே கண்ணெதிரே அழிந்துபோனது. அவள் தொடவே இல்லை. பேய் பிடித்த போன் மாதிரி இருந்தது.

பிறகு ஒரு புது நம்பரிலிருந்து செய்தி வந்தது. 'யாரிடமாவது சொன்னால் முதல் படத்திலிருந்து வெளியிட ஆரம்பிப்பேன். பேசாமல் இருந்தால் யாருக்கும் எதுவும் ஆகாது.'

ஊசி அதை இரண்டு தடவை படித்தாள். தலையைத் தூக்காமல், "முதல்ல இருக்கிறது உன்னுதுக்கா" என்றாள்.

அக்கா தண்ணீர் குடிக்கப் போனாள். குடத்தைத் திறந்துவிட்டு எதற்கு வந்தோம் என்று மறந்து நின்றாள். சொன்னால் இருக்கிற படம் வெளியே போகும். சொல்லாவிட்டால், ஊசியின் பெயரை நம்பி ஒவ்வொருத்தியும் முகத்தோடு படம் அனுப்பிக்கொண்டே இருப்பாள். முகமில்லாத படத்தை வைத்து யாரென்று சொல்ல முடியாது. முகத்தோடு ஒன்று போய்விட்டால், அந்தப் பெண் ஆயுசுக்கும் பக்கத்தைப் பிடித்துக்கொண்டவன் கைக்குள்.

தெருமுனை போன் கடைக்காரர் போனைக் கையில் வாங்கிக் கொஞ்ச நேரம் துழாவினார். மச்சம் மறைக்கும் ஆப்பின் சின்னம் திரையில் எங்குமே இல்லை. கடைசியில் அமைப்புகளுக்கு உள்ளே, கடிகாரம் என்ற பெயரில் ஒளிந்திருந்ததைக் கண்டுபிடித்தார். அகற்றப் போனால் 'முடியாது' என்றது.

"இதுதான் ஆளு. நீங்க எழுதறது, உங்களுக்கு வர்ற நம்பர், எல்லாத்தையும் உங்க தோளுக்குப் பின்னால நின்னு பாத்துக்கிட்டே இருந்திருக்கு."

"நான் பாஸ்வேர்டை மாத்திக்கிட்டே இருந்தேனே அண்ணே?"

"எதுல மாத்தினீங்க? இதே போன்லதானே? திருடன் கட்டிலுக்கு அடியில படுத்திருக்கான். நீங்க வாசக்கதவுக்குப் பூட்டு மேல பூட்டா மாத்திக்கிட்டு, ஒவ்வொரு தடவையும் சாவியை அவன் கண்ணு முன்னாலயே ஆணியில மாட்டியிருக்கீங்க."

போனை முழுதாகத் துடைத்து வெறுமையாக்கித்தான் அதை வெளியே தள்ள முடிந்தது. ஆனால் அதற்குள் அவன் பக்கத்தின் மின்னஞ்சலையும் நம்பரையும் மாற்றிவிட்டான். போன் சுத்தமாகிவிட்டது, பக்கம் அவனிடம், எழுதியவர்களின் கணக்குகளும் அதற்குள்ளேயே. கடைக்காரர் தன் போனிலிருந்து நிறுவனத்துக்கு முறையிட்டுக் கொடுத்தார். தானியங்கிப் பதில் ஒன்று வந்தது: உரிமையாளர் நீங்கள்தான் என்று காட்ட உங்கள் முகத்தைப் படம் எடுத்து அனுப்புங்கள், பக்கத்தில் உள்ள படங்களோடு ஒப்பிட்டுப் பார்க்கிறோம். ஊசி அனுப்பினாள். 'பக்கத்தில் உங்கள் முகம் எங்கும் இல்லை' என்று பதில் வந்தது.

"இல்லதான். யார் முகமும் இருக்கக்கூடாதுன்னுதானே ஆரம்பிச்சேன்" என்றாள் ஊசி, போனைப் பார்த்து.

காவல் நிலையத்தில் ஒரு போலீஸ்காரம்மா பொறுமையாகத்தான் கேட்டாள். எழுதியும் கொண்டாள். "பாதிக்கப்பட்டவங்க யார் யாரு? பேரு, விலாசம் சொல்லுங்க, நாங்களே கூப்பிட்டு எச்சரிக்கை பண்றோம்."

சகோதரிகள் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள்.

"ஊதா, மஞ்சள், பாசிப்பச்சை..." என்று ஆரம்பித்த ஊசி பாதியில் நிறுத்திக்கொண்டாள்.

பஸ்ஸில் வீடு திரும்பும்போது அவள் ஜன்னல் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டே சொன்னாள். "அவங்களை யாரும் கண்டுபிடிச்சிரக் கூடாதுன்னு செஞ்சேன்க்கா. இப்ப என்னாலயே கண்டுபிடிக்க முடியல."

அந்த வாரம் முழுக்க அக்கா ஜன்னலில் நிற்கும்போது கண் நடைபாதையிலேயே இருந்தது. அந்தப் பெண்களின் பெயர் அவளுக்குத் தெரியாதே தவிர, கருநீலம் நீங்கலாக எல்லோர் முகமும் தெரியும். ஒவ்வொருத்தியும் இந்த ஜன்னலில் வந்து நின்றவள்தான். மறுபரிசோதனைக்கு என்றைக்காவது இந்த வழியாகத்தான் போக வேண்டும். போய்க் கையைப் பிடித்துச் சொல்லிவிடலாமா? பக்கத்தில் புருஷன் நடப்பான், மாமியார் நடப்பாள். 'நீங்க அனுப்பின போட்டோ' என்று வாயெடுத்தால் அந்த இடத்திலேயே அவள் கதை முடிந்தது.

யோசித்து யோசித்து, கடைசியில் ஊசியிடம் மிச்சப் பொத்தான் டப்பாவைக் கேட்டாள். பார்சலுக்கு ஒன்று தைத்தால் அதே நிறத்தில் ஒன்றை ஊசி டப்பாவில் போட்டு வைப்பாள். கொடுத்த நிறத்தைத் தவறிப்போய் இன்னொருத்திக்குக் கொடுத்துவிடக் கூடாது என்பதற்காக. அக்கா பழைய விரிப்பில் ஒரு பட்டையைக் கிழித்து ஓரம் மடித்தாள். ஊசி எல்லாப் பொத்தான்களையும் அதில் வரிசையாகத் தைத்தாள். மறுநாள் காலை அந்தப் பட்டை ஜன்னல் கம்பியில் தொங்கியது.

சூப்பர்வைசர் வந்து பார்த்தார். "இது என்ன, சலவைக்கூடமா, பட்டன் கடையா?"

"கொடி கட்டியிருக்கேன்னு நெனச்சுக்கோங்க சார்."

"எந்தக் கட்சி?"

"எங்க கட்சிதான் சார். ஆள் பிடிக்கிறேன்."

அவர் அவள் முகத்தைப் பார்த்தார். என்ன நினைத்தாரோ, "இன்ஸ்பெக்ஷன் வந்தா கழட்டிடு" என்றுவிட்டுப் போனார்.

முதலில் நின்றவள் ஊதா. தாண்டிப் போனவள் திரும்பி வந்து, பட்டையைப் பார்த்து, அக்காவைப் பார்த்தாள். கூட வந்தவர் மருந்துக் கடையில் வரிசையில் நின்றுகொண்டிருந்தார். அக்கா ஒரு விரிப்பை எடுத்து அவள் முன்னே விரித்து, அளவு காட்டுகிறவள் போலக் குனிந்தாள்.

"பக்கம் எங்க கையில இல்ல டீச்சர். எவனோ புடிச்சு வெச்சிருக்கான். போட்டோ கேட்டா அனுப்பாதீங்க."

டீச்சர் விரிப்பைப் பார்த்தபடியே சொன்னாள். "நேத்துதான் எடுத்தேன். வெளிச்சம் பத்தலன்னு அனுப்பல."

அக்கா இன்னும் கிட்டக் குனிந்தாள். "நல்ல வேளை. ஒண்ணும் பதில் போடாதீங்க. திட்டாதீங்க. அவனுக்குத் தெரிஞ்சா இருக்கிற படத்தை வெளிய விட்டுடுவேன்னு சொல்றான்."

"என்னோடதும் இருக்கா?"

"எல்லாரோடதும் இருக்கு. முதல்ல இருக்கிறது என்னோடது."

டீச்சர் விரிப்பின் மேல் இருந்த அக்காவின் கையை ஒரு தடவை அழுத்திவிட்டுப் போனாள். அன்று சாயங்காலம் அக்கா வீட்டுக்குக் கொண்டுவந்த பட்டையிலிருந்து ஊசி ஊதாப் பொத்தானைக் கத்தரித்தாள்.

இப்படி ஒவ்வொன்றாகக் குறைந்தது. பாசிப்பச்சை வந்தாள். ஆரஞ்சு வந்தாள், தன் பொத்தானைப் பார்த்துச் சிரித்துக்கொண்டே வந்து, கேட்டுவிட்டு அழுதுகொண்டே போனாள். சாம்பல் நிறம் ஏற்கெனவே அனுப்பிவிட்டிருந்தாள். "முகத்தோடயா?" என்று கேட்டபோது தலையை மட்டும் ஆட்டினாள். அப்படியே நின்றாள், முந்தின தடவை நின்ற இடத்திலேயே, பார்சல் வரும் என்பதுபோல. அதன் பிறகு வீட்டில் ஊசி இயந்திரத்தை மிதிப்பதை நிறுத்திவிட்டாள். சாம்பல் பொத்தானைக் கத்தரிக்கவில்லை.

மஞ்சளுக்குத்தான் பொறுக்க முடியவில்லை. எதுவும் எழுதாதீர்கள் என்று அக்கா படித்துப் படித்துச் சொல்லியும், ஒருநாள் அவன் மறுபடி 'அன்புடன்' என்று கேட்டதும், டிக்கெட் எடுக்காமல் ஏறியவனைத் திட்டுவதுபோல் ஏழு தலைமுறைக்கும் சேர்த்து எழுதி அனுப்பிவிட்டாள்.

மறுநாள் மதியம் அவள் ஜன்னலுக்கு ஓடி வந்தாள். மூச்சு வாங்கியது. "என் வாய்தாம்மா காரணம். என்னைச் செருப்பால அடிங்க."

போனை நீட்டினாள். அக்காவின் கண்ணில் முதலில் பட்டது நீலச் சுவர்தான். எங்கள் வீட்டுச் சுவர் மாதிரி இருக்கிறதே என்று நினைத்தாள். அடுத்தாற்போல்தான் தன் உடம்பு தெரிந்தது. பக்கத்தில், எல்லோரும் பார்க்கும்படி. கீழே யார் யாரோ எழுதியிருந்தார்கள். அவள் அதைப் படிக்கவில்லை.

"இதுல மூஞ்சி இல்ல. யாருன்னு ஒருத்தருக்கும் தெரியாது" என்றாள்.

"உங்களுக்குத் தெரியுமேம்மா."

அக்கா ஒரு விரிப்பை எடுத்து மடித்தாள். ஓரம் இரண்டு விரல் அளவு பிசகியது. உதறி, மறுபடி மடித்தாள். மறுபடியும் பிசகியது. அவள் வேலைக்குச் சேர்ந்து அப்படி நடந்ததே இல்லை. மஞ்சள் மறுமுனையைப் பிடித்துக்கொண்டாள். இருவருமாக மடித்தார்கள்.

"இதைப் புகார் பண்ணலாம். கீழ ஒரு பொத்தான் இருக்கு" என்றாள் மஞ்சள். "ஒருத்தி பண்ணா கண்டுக்க மாட்டான். எல்லாரும் சேர்ந்து பண்ணணும். உங்க கட்சிக்காரங்க யாரெல்லாம் இன்னைக்கு வர்றாங்களோ எல்லார்கிட்டயும் சொல்லுங்க. நான் டிப்போவுல சொல்றேன். யாரு, என்னன்னெல்லாம் சொல்ல மாட்டேன், ஒரு பொம்பளையோட படம்னு மட்டும் சொல்றேன்."

டீச்சர் தன் பள்ளிக்கூடத்தில் சொன்னாள். போன் கடைக்காரர் கடைக்கு வந்தவர்கள் போனையெல்லாம் வாங்கி அமுக்கிக் கொடுத்தார். இரண்டாம் நாள் மாலை, விதிமீறல் என்று சொல்லி நிறுவனம் அந்தப் பக்கத்தையே மூடிவிட்டது. படத்தை மட்டும் இல்லை. ஊசி உட்கார்ந்து உட்கார்ந்து சேர்த்த பக்கம் முழுவதையும்.

"போயிடுச்சுக்கா" என்றாள் ஊசி.

"நல்லதா, கெட்டதா?"

"இனிமே என் பேர்ல யாரையும் கேக்க முடியாது, அது நல்லது. ஏற்கெனவே எடுத்து வெச்சிருந்தா என்ன பண்றது? அது தெரியாது." பொத்தான் பட்டையை மடியில் இழுத்து வைத்துக்கொண்டு, "கருநீலம் என்னைத் தேடுவாக்கா. பக்கத்தைக் காணலன்னா, அவ படத்தை எடுத்துக்கிட்டு நான் ஓடிட்டேன்னுதானே நெனப்பா?"

கருநீலம் அனுப்பினாளா இல்லையா என்பதைத் தெரிந்துகொள்ள இப்போது வழியே இல்லை. ஊசியைத்தான் நம்புவேன் என்றவள், ஊசி கேட்டதாக நினைத்திருந்தால் வெளிச்சம் பார்த்திருக்க மாட்டாள், யோசித்திருக்க மாட்டாள். அக்கா ஜன்னலில் நின்று, முகக்கவசம் போட்டு வருகிற ஒவ்வொருத்தியின் கண்ணையும் பார்த்தாள். முறைக்கிறாள் என்று இரண்டு பேர் கோபித்துக்கொண்டார்கள்.

ஊசி மறுபடி தைக்க உட்கார நாள் பிடித்தது. அக்கா வற்புறுத்தவில்லை. மறுபரிசோதனை நாட்களில் மட்டும் மதியச் சாப்பாட்டைக் கொண்டுவரச் சொன்னாள். அந்தச் சாக்கில் ஊசி சலவைக்கூடத்துக்கு வந்து விரிப்பு அறையில் உட்கார்ந்திருப்பாள். ஒருநாள் டீச்சர் யாரையோ கூட்டிக்கொண்டு வந்தாள். சின்ன வயசுப் பெண். ஒரு பக்கத் தோள் கோணியிருந்தது.

"இங்கதான் நிறம் சொல்லணும்னு சொன்னாங்க" என்றாள் அந்தப் பெண். "போட்டோ எடுத்துட்டு வந்திருக்கேன். எதுல அனுப்பறது?"

"அனுப்ப வேணாம்" என்று உள்ளேயிருந்து ஊசி எழுந்து வந்தாள். அத்தனை வருஷத்தில் தன்னைத் தேடி வந்த ஒருத்திக்கு அவள் முகத்தைக் காட்டுவது அதுதான் முதல் தடவை. "முதல்ல அதை அழிச்சிடு. உள்ள வா, நானே அளவெடுக்கறேன்."

அலமாரிகளுக்கு நடுவே, மடித்த விரிப்புகளின் சூட்டில், ஊசி அட்டையை வைத்துத் தழும்பின் வளைவை வெட்டிக்கொண்டாள். அக்கா கதவை மறைத்து நின்றாள். சூப்பர்வைசர் வந்தபோது, "பூச்சி மருந்து அடிச்சிருக்கு சார், உள்ள போகாதீங்க" என்றாள். அவர் போகவில்லை.

வெளியே வந்ததும் அந்தப் பெண் ஜன்னலில் தொங்கிய பட்டையைப் பார்த்தாள். அதில் ஏழெட்டுப் பொத்தான்கள்தான் மிச்சம்.

"இதுல எடுத்துக்கலாமா? இது நல்லா இருக்கு, கருநீலம்."

ஊசி அக்காவைப் பார்த்தாள். அக்கா பட்டையைக் கையால் பிடித்து, காற்றில் ஆடாமல் நேராக்கினாள்.

"அது வேற ஒருத்தங்களோடதும்மா. அவங்க இன்னும் வரல. நீ வேற நிறம் சொல்லு."